எல்லைச் சீமை – 14: தனக்குத்தானே ஜமீன்தார்

சென்ற வாரம் கார்வேட்டிநகரத்துப் புஷ்கரணிப் படிக்கட்டில் உட்கார்ந்து சாரங்கபாணியின் பதங்களைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். இன்னும் கொஞ்ச நேரம் அங்கேயே இருப்போம். இந்த வாரக் கதை சினிமாக் கதைதான். ஆனாலும் அதன் வேர் இந்தப் படிக்கட்டுக்குப் பக்கத்தில் எங்கோ ஓடுகிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

திருத்தணியில் ஏறி, பள்ளிப்பட்டு வழியாகப் போனால் கார்வேட்டிநகரம். எலும்பு முறிந்தால் 'புத்தூர் கட்டு' போடத் தமிழ்நாட்டிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு போவார்களே, அந்தப் புத்தூருக்கும் பக்கம். திருத்தணியே ஒரு காலத்தில் கார்வேட்டிநகரம் ஜமீனுக்குள் அடங்கிய ஊர். அந்த ஊர்ச் சாமி வேணுகோபாலன்மேல் சாரங்கபாணி பதம் பாடினார். கோவிந்தசாமய்யர் வர்ணம் செய்தார். அவருடைய கேதாரகௌள வர்ணத்தை இன்றைக்கும் வீணை வகுப்புகளில் கேட்கலாம். இவர்கள் யாரும் எண்ணெய்க்கும் அரிசிக்கும் கணக்குப் பார்த்தவர்கள் இல்லை. அது அரண்மனைக் கணக்குப்பிள்ளையின் வேலை. பாடுகிறவர் பாடுவார், படியளக்கிறவர் அளப்பார்.

அப்புறம் அந்த ஜமீனே கடனில் விழுந்தது. பத்திரம், வட்டி, கோர்ட்டு, ஏலம் என்று நிலம் துண்டு துண்டாகப் போனது. 1948இல் சென்னை மாகாணம் ஜமீன் ஒழிப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தபோது ஒழிக்க மிச்சம் இருந்தது பெயரும் சில கட்டடங்களும்தான். ஜமீன் போன பிறகு பாடுகிறவனுக்கு யார் படியளப்பது?

நாடகக் கம்பெனி அளந்தது. பிறகு கிராமபோன் கம்பெனி, அதற்கும் பிறகு சினிமா. சினிமாவில் படியளக்கிறவருக்கு 'முதலாளி' என்று பெயர். கோடம்பாக்கத்தில் தயாரிப்பாளரை இன்றும் பழைய ஆட்கள் அப்படித்தான் சொல்வார்கள். இந்தச் சீமையிலிருந்து போன பாடகர் ஒருவர், பாட்டும் என்னுடையது, முதலாளியும் நானே என்று இறங்கிப் பார்த்தார். சித்தூர் வி. நாகையா அவர்.

பெயரில் சித்தூர் இருக்கிறதே தவிர, பிறந்த ஊர் சித்தூர் இல்லை. குண்டூர்ப் பக்கம் ரேபல்லேயில் 1904 மார்ச் 28ஆம் தேதி பிறந்தவர். படித்துவிட்டுக் குமாஸ்தா வேலை பார்த்தார், 'ஆந்திர பத்திரிகை'யில் நிருபராக இருந்தார், உப்புச் சத்தியாக்கிரக காலத்தில் காங்கிரஸ் பக்கம் போனார். இத்தனைக்கும் நடுவில் சித்தூரில் ராம விலாச சபா என்ற நாடக சபை அவரைப் பிடித்துக்கொண்டது. அங்கே பாடி நடித்ததில்தான் பெயர் பரவியது. நம்மூரில் ஒருவன் பெயருக்கு முன்னால் ஊர்ப் பெயர் நின்றால் அது பிறந்த மண் என்று அர்த்தம். நாகையா விஷயத்தில் அது மேடை ஏற்றிவிட்ட ஊர். அப்போது சித்தூர் புதிய மாவட்டத் தலைநகர். 1911இல்தான் வட ஆற்காட்டிலிருந்து பிரித்திருந்தார்கள். கடைத்தெருவில் ஒரு வாக்கியத்தைத் தமிழில் ஆரம்பித்துத் தெலுங்கில் முடிப்பார்கள். அந்த வழக்கம் இன்றும் போகவில்லை. அப்படிப்பட்ட ஊர்ச் சபையில் தேறியவருக்கு இரண்டு மொழிச் சினிமாவும் பின்னால் வாசலைத் திறந்ததில் ஆச்சரியமில்லை.

சினிமாவுக்கு அவரைக் கொண்டுவந்தவர் எச். எம். ரெட்டி. தமிழின் முதல் பேசும் படம் என்று நாம் சொல்லும் 'காளிதாஸ்' எடுத்தாரே, அவரேதான். 1938இல் அவர் எடுத்த 'கிருகலட்சுமி' குடியைக் கண்டிக்கும் படம். கண்ணாம்பா கதாநாயகி. அதில் நாகையா நடித்தார், பாடினார். அடுத்த ஆண்டே பி. என். ரெட்டி வாஹினியைத் தொடங்கி 'வந்தே மாதரம்' எடுக்க, நாகையா கதாநாயகனும் ஆனார், இசையும் அமைத்தார். 'சுமங்கலி', 'தேவதா', 'பக்த போதனா', 'சுவர்க்க சீமா' என்று வாஹினியின் நல்ல படங்களில் எல்லாம் இவர் இருக்கிறார். தமிழில் 1941இல் 'அசோக் குமார்'. தியாகராஜ பாகவதர் குணாளன், நாகையா அசோகச் சக்கரவர்த்தி. 1945இல் எம். எஸ். சுப்புலட்சுமியின் 'மீரா'வில் மீராவின் கணவர் ராணா. அதாவது, சித்தூர் நாகையாவே சித்தூர் ராணா! ராஜஸ்தானத்துச் சித்தூர் வேறு, நம் சித்தூர் வேறு என்பது தெரிந்ததுதான். இருந்தாலும் இந்தப் பொருத்தம் எனக்குப் பிடித்திருக்கிறது.

வாஹினியில் ஒரு ஒழுங்கு இருந்தது. பணம் போட மூலா நாராயணசுவாமி. கேமராவுக்கு கே. ராம்நாத், கலைக்கு ஏ. கே. சேகர். தயாரிப்பு நிர்வாகத்துக்கு கே. வி. ரெட்டி, பின்னால் 'மாயா பஜார்' எடுத்த அவர் அங்கே வரவு செலவுக்குக் காவல் இருந்தார். நாகையா காலையில் வந்தார், மெட்டுப் போட்டார், நடித்தார், வீட்டுக்குப் போனார். கார்வேட்டிநகரத்துச் சாரங்கபாணி வாழ்ந்த மாதிரிதான். கணக்குப்பிள்ளை வேறு ஆள்.

இந்தக் காலத்தில் அவர் ஏற்ற வேஷங்களைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும். போதனா, பாகவதத்தை அரசனுக்குச் சமர்ப்பிக்க மாட்டேன் என்று ஏர் பிடித்து வாழ்ந்த கவி. 1947இல் 'யோகி வேமனா'வில் வேமனர். ரசவாதத்தால் பொன் செய்யும் வித்தையைத் தேடிப் போய், அது கைகூடும் நேரத்தில் வீட்டுக் குழந்தையின் சாவைப் பார்த்து எல்லாவற்றையும் உதறியவர். இரண்டையும் இயக்கியவர் கே. வி. ரெட்டி. பணத்தை வேண்டாம் என்று சொல்லும் ஆட்களாகவே நாகையாவைக் காட்டினார், கணக்குத் தெரிந்த அந்த இயக்குநர். 'பக்த போதனா'வில் தயாரிப்பாளர்களுக்கு நல்ல லாபமும் வந்தது.

நாகையாவே முதலாளியானதும் நடந்தது வேறு. ஸ்ரீ ரேணுகா பிலிம்ஸ் என்ற பெயரில் தாமே தயாரித்து, தாமே இயக்கி, தாமே நடித்து, இசையும் அமைத்த முதல் படம் 'தியாகய்யா'. 1946. அப்போதுதான் உலகப் போர் முடிந்திருந்தது. போர்க்காலத்தில் பிலிம் சுருளுக்கு லைசென்ஸ். ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக் கூடாது என்று சர்க்கார் கட்டுப்பாடு. பாட்டுப் படத்துக்கு அது கழுத்தில் கட்டிய கயிறு. 1945 கடைசியில் அந்தக் கயிறு அவிழ்ந்தது. தியாகராஜரின் கீர்த்தனைகளை வரிசையாகப் பாடிக் காட்டும் ஒரு படம் அதற்கு அப்புறம்தான் சாத்தியம்.

இன்று கையில் கிடைக்கும் பிரதி தேய்ந்தது. முகம் வெளுத்து, ஓரம் கருத்து, இடையிடையே மழை பெய்கிறது. ஒலியில் எண்ணெய்ச் சட்டி மாதிரி ஒரு பொரிச்சல். அந்தப் பொரிச்சலுக்கு அடியில் நாகையாவின் குரல் வரும். பெரிய குரல் இல்லை. பாகவதர் மேலே போய் நின்று அசைத்துக் காட்டும் இடத்தில் இவர் கீழேயே இருப்பார். சொல்லை மெல்லுவது கிடையாது, ஒவ்வோர் எழுத்தையும் விடுவித்துச் சொல்வார். பூஜை அறையில் பக்கத்தில் ஆள் இருப்பது தெரியாமல் ஒருவர் பாடினால் எப்படி இருக்குமோ அப்படி. கச்சேரி வித்துவான்கள் இதில் குறை கண்டிருக்கலாம். எனக்கு அந்தக் குரலில்தான் தியாகராஜர் உஞ்சவிருத்திக்குப் போன தெரு தெரிகிறது: சொம்பு, தம்பூரா, வாசலில் நிற்கும் பெண்ணின் கைப்பிடி அரிசி.

படம் தெலுங்கு. நடக்கும் இடம் திருவையாறு. எடுக்கப்பட்டது சென்னையில். 1943இல்தான் தமிழ் இசைச் சங்கம் தொடங்கியிருந்தது. மேடையில் தமிழ்ப் பாட்டுக்கு இடம் கேட்டு எழுந்த சத்தம் அடங்காத நேரம். அந்த நேரத்தில் கீர்த்தனையும் பேச்சும் தெலுங்கிலேயே உள்ள ஒரு படத்தைத் தமிழ்நாட்டிலும் உட்கார்ந்து பார்த்தார்கள். திருவையாற்றில் தியாகராஜர் சமாதியைக் கட்டி எழுப்பிய பெங்களூர் நாகரத்தினம்மாள் அப்போது உயிரோடு இருந்தார். பின்னால் 1981இல் பாபு இதே கதையை ஜே. வி. சோமயாஜுலுவை வைத்து எடுத்தார். 'சங்கராபரணம்' வெற்றியின் சூடு ஆறாத காலம், நல்ல கலைஞர்கள். அப்படியும் பழைய நாகையாதான் தியாகய்யர் என்று சொல்கிறவர்கள் குறையவில்லை.

'தியாகய்யா' ஜெயித்தது. அதுதான் ஆபத்து. போருக்குப் பின் சினிமாவில் புதுப் பணம் புகுந்து, ஸ்டூடியோ மாதச் சம்பளம் போய், 'படத்துக்கு இவ்வளவு' என்ற வழக்கம் வந்திருந்தது. அந்த நாளின் மிக உயர்ந்த சம்பளக்காரர்களில் நாகையாவும் ஒருவர். வாங்கிய பணம் வீட்டுக்கு வருவதற்குள் பாதி போய்விடும் என்பார்கள். கேட்டவருக்கு இல்லை என்று சொல்ல அவருக்கு வராது. அவர் வீட்டில் சாப்பிட்டதைச் சொல்லாத பழைய கோடம்பாக்கத்துக்காரர் குறைவு. கொடுப்பது நல்ல குணந்தான். ஆனால் முதலாளி கொடுக்கிற பணம் பல சமயம் அவர் பணமாக இருக்காது, ஃபைனான்ஸியர் பணமாக இருக்கும்.

அந்தக் காலச் சினிமாக் கடன் எப்படி வேலை செய்தது என்பதை இங்கே சொல்லிவிடுகிறேன், இது தெரியாமல் மீதிக் கதை விளங்காது. தயாரிப்பாளர் கையில் ரொக்கம் இருக்காது. ஏரியா வாரியாக விநியோகஸ்தர் கொடுக்கும் முன்பணம், வட்டிக்காரர் கொடுக்கும் கடன், இவற்றில்தான் ஷூட்டிங் நடக்கும். ஈடு என்ன? எடுத்த நெகடிவ். அது லேபில் கிடக்கும். கடனை அடைத்தால்தான் லேபுக்குக் கடிதம் போகும். கடிதம் போனால்தான் பிரிண்ட் வெளியே வரும், பெட்டி தியேட்டருக்குப் போகும். நடுவில் ஒரு நாள் ஷூட்டிங் நின்றாலும் ஃப்ளோர் வாடகை ஓடும், வட்டி ஓடும். நடிகர் கால்ஷீட்டை வேறு படத்துக்குக் கொடுத்துவிடுவார். மூன்று மாதம் கழித்து ஆரம்பித்தால் போட்ட செட் இருக்காது. மூன்று வருடம் கழித்து ஆரம்பித்தால் நடிகரின் முகமே வேறாக இருக்கும்.

இரண்டாவது சொந்தப் படம் 1953இல் வந்தது. தெலுங்கில் 'நா இல்லு', தமிழில் 'என் வீடு'. ஒரே கதையை இரண்டு மொழியிலும் எடுத்தார், தாமே இயக்கினார். டி. ஆர். ராஜகுமாரியும் உண்டு. சொந்தமாக ஒரு வீடு வேண்டும் என்று ஆசைப்படும் குடும்பஸ்தன் அந்த ஆசையாலேயே சிக்கிச் சீரழிகிற கதை. வந்த ஆண்டைப் பாருங்கள். அதே 1953 அக்டோபர் 1ஆம் தேதி ஆந்திரம் தனி மாநிலம் ஆனது. சென்னை யாருக்கு, திருப்பதி யாருக்கு, சித்தூர் யாருக்கு என்று தெருவில் சண்டை. ம.பொ.சி. வடக்கெல்லைக்காகப் போராடிக்கொண்டிருந்தார். சித்தூர் ஆந்திரத்தோடு போனது. திருத்தணி இன்னும் ஏழு ஆண்டு அந்தப் பக்கமே இருந்து 1960இல் நம் பக்கம் வந்தது. ஒரு வீட்டை இரண்டாகப் பிரித்துக்கொண்டிருந்த அதே வருஷத்தில், சித்தூர்க்காரர் ஒருவர் சென்னையில் உட்கார்ந்து 'என் வீடு' என்று இரண்டு மொழியிலும் படம் எடுத்திருக்கிறார்! தெரிந்து வைத்த தலைப்பாக இருக்காது. ஆனாலும் இந்தத் தொடருக்கு இதைவிடப் பொருத்தமான தலைப்புக் கிடைக்காது. இந்தப் படம் 'தியாகய்யா' மாதிரி அவரைத் தூக்கிவிடவில்லை.

உலகத்தின் மறுபக்கத்தில் அதே ஆண்டு நடந்த ஒன்றையும் இங்கே சொல்லலாம். பிரேசிலில் சாவ் பாவுலோ பணக்காரர்கள் 1949இல் வேரா குரூஸ் என்று ஒரு ஸ்டூடியோவைத் தொடங்கினார்கள். ஐரோப்பாவில் பேர் வாங்கிய பிரேசில்காரரான ஆல்பெர்த்தோ கவல்காந்தியைத் தயாரிப்புத் தலைவராக வரவழைத்தார்கள். அங்கிருந்து வந்த 'ஓ கங்கசெய்ரோ' என்ற கொள்ளைக்காரர் படத்துக்கு 1953 கான் விழாவில் பரிசு கிடைத்தது. உலகமெங்கும் ஓடியது. விநியோக உரிமை கொலம்பியாவிடம் இருந்ததால் லாபமும் அங்கேதான் போனது. மறு ஆண்டே வேரா குரூஸ் படுத்துவிட்டது. சாவ் பாவுலோவானால் என்ன, கோடம்பாக்கமானால் என்ன, படம் ஜெயிப்பது ஒரு கணக்கு, பெட்டி யார் கையில் இருக்கிறது என்பது வேறு கணக்கு.

நடிகர் நாகையாவுக்கு இதற்கிடையில் குறைவில்லை. 1948இல் ஜெமினியின் 'சக்ரதாரி'. 1950இல் பட்சிராஜாவின் 'ஏழை படும் பாடு'. வாஹினிக் காலத்து ராம்நாத்தே இயக்குநர். விக்டர் ஹ்யூகோவின் நாவல்தான். திருடனாக இருந்து பெரிய மனிதனாகும் கந்தனாக நாகையா. துரத்தும் போலீஸ்காரர் ஜாவராக நடித்த சீதாராமனுக்கு அன்றிலிருந்து 'ஜாவர்' பெயரோடு ஒட்டிக்கொண்டது. அடைக்கலம் கொடுத்த பாதிரியாரின் வெள்ளிச் சாமானை ஒருவன் திருடுகிறான், மாட்டிக்கொள்கிறான், 'அது நான் கொடுத்தது' என்று அவர் சொல்லிவிடுகிறார் என்பது அந்த நாவலின் உயிரான இடம். பறிகொடுத்தவனே 'நான்தான் கொடுத்தேன்' என்று சொல்லும் கதை. கோடம்பாக்கத்தில் நாகையாவைப் பற்றிச் சொல்கிற கதைகள் பாதி இந்த ஜாதிதான்.

மூன்றாவது சொந்தப் படத்துக்கு அவர் எடுத்துக்கொண்ட கதை ராமதாசர். கோல்கொண்டா நவாபின் கீழ் தாசில்தாராக இருந்த கஞ்செர்ல கோபன்னா, வசூலான சர்க்கார் பணத்தை எடுத்துப் பத்ராசலத்தில் ராமனுக்குக் கோயில் கட்டினார். கணக்கு இடித்தது. நவாப் தானீஷா அவரைக் கோட்டையில் அடைத்தார். கடைசியில் ராமனும் லட்சுமணனும் இரண்டு சிப்பாய்களாக வந்து ஆறு லட்சம் வராகனையும் கொட்டி ரசீது வாங்கிப்போனதாகக் கதை. 'பக்த ராமதாசு' முடிய வருஷங்கள் பிடித்தன. பணம் கிடைத்தபோது ஷூட்டிங், கிடைக்காதபோது நிறுத்தம். கதையில் வரும் கபீருக்குப் பாட முகமது ரஃபியை அழைத்து வந்தார். எதிலும் குறை வைக்கக் கூடாது என்ற பிடிவாதம் அது. 1964இல் படம் வெளியானபோது நாகையாவுக்கு அறுபது வயது. அதற்குள் தெலுங்குத் திரை என். டி. ராமராவ், நாகேஸ்வர ராவ் கைக்குப் போய்விட்டிருந்தது. படம் அவரைக் கடனிலிருந்து மீட்கவில்லை. பத்ராசலத்துக்கு வந்த சிப்பாய்கள் கோடம்பாக்கத்துக்கு வரவில்லை.

மூன்று சொந்தப் படங்களையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். தஞ்சை மன்னர் சரபோஜியின் பொருளை வேண்டாம் என்ற தியாகராஜர் கதை ஒன்று. வீடு கட்ட ஆசைப்பட்டு அழிந்தவன் கதை ஒன்று. அடுத்தவன் கஜானாவை எடுத்துச் சாமிக்குச் செலவழித்தவன் கதை ஒன்று. நாகையாவைப் பக்திப் பட நடிகர் என்று ஒதுக்கிவைத்திருக்கிறார்கள் சினிமா வரலாறு எழுதியவர்கள். என் கட்சி வேறு: முதலாளியாக நின்று அவர் சொன்ன மூன்று கதையும் பணத்தைப் பற்றியவை. பக்தி அதன்மேல் போர்த்திய சால்வை. இதை அவரே உணர்ந்திருந்தாரா என்று யார் கண்டது! அடுத்தவர் படத்தில் நடிக்கும்போது துறவியாக இருந்து சம்பாதித்தார். சொந்தப் படத்தில் துறவியாகவே தயாரிப்பும் நடத்தினார். கார்வேட்டிநகரத்தில் பாடுகிறவர் ஒருவர், கடன்படுகிறவர் ஒருவர் என்று இரண்டு ஆள் இருந்தார்கள். இங்கே இரண்டும் ஒரே உடம்பு.

கடைசிப் பதினைந்து ஆண்டுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், எழுதவும் மனம் வரவில்லை. 1958இல் 'சம்பூர்ண ராமாயணம்' தசரதனாக, 1961இல் 'பாவ மன்னிப்பு' படத்தில் சிவாஜியை வளர்க்கும் முஸ்லிம் பெரியவராக, 1963இல் 'லவகுசா' வால்மீகியாக நல்ல வேஷங்கள் கிடைத்துக்கொண்டுதான் இருந்தன. பிறகு வேஷமும் சிறுத்தது, சம்பளமும் சிறுத்தது. ரிஷி, அப்பா, கோயில் குருக்கள் என்று இரண்டு காட்சிக்கு வந்துபோனார். ஒரு காலத்தில் அவர் வீட்டு வாசலில் காத்திருந்தவர்களின் படங்களில்கூட அப்படித்தான். 1965இல் பத்மஸ்ரீ வந்தது. சிவாஜி கணேசனுக்கே அதற்கு அடுத்த ஆண்டுதான். பட்டத்தை லேபில் ஈடு வைக்க முடியாது. 1973 டிசம்பர் 30ஆம் தேதி சென்னையில் காலமானார்.

தி.நகர் பனகல் பூங்காவுக்குள் அவருக்குச் சிலை உண்டு. காலையில் நடைப்பயிற்சி போகிறவர்கள் அதைச் சுற்றித்தான் போகிறார்கள். யார் என்று நான் கேட்ட இருவரில் ஒருவர், ஏதோ சங்கீத வித்துவான் என்றார். அதுவும் தப்பில்லை. சித்தூரில் நாகையா கலாக்ஷேத்திரம் என்று அவர் பெயரில் அரங்கம் இருக்கிறது. ரேபல்லேயில் பிறந்தவரை அந்த ஊர் இன்றும் தன் ஆளாகவே வைத்திருக்கிறது.

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். அந்தக் காலத்தில் படம் பார்க்கப் போனால் தியேட்டர் வாசலில் அரையணா, ஒரணாவுக்குப் பாட்டுப் புத்தகம் விற்பார்களே, 'என் வீடு' படத்துக்கு வந்த அந்தப் புத்தகம் எனக்கு இதுவரை கண்ணில் படவில்லை. திருத்தணி, பள்ளிப்பட்டு, சித்தூர்ப் பக்கத்துப் பழைய வீடுகளில், பரணில், டிரங்குப் பெட்டியில் யாரிடமாவது இருந்தால் பத்திரிகை முகவரிக்கு ஒரு கார்டு போடுங்கள். நானே வந்து பார்த்து, படி எடுத்துக்கொண்டு, அங்கேயே திருப்பிக் கொடுத்துவிடுகிறேன்.

(தொடரும்)